மண்டோர் குடித்த விளக்கெண்ணெய்

பெண் பார்க்கப் போன இடத்தில் நான் பெண்ணைப் பார்க்கவில்லை. பெண்ணின் அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை. பிற்பகல் மூன்று மணி இருக்கும். கோல சிலாங்கூரிலிருந்து வடக்கே போகிற சாலையை ஒட்டிய ஒரு செம்பனைத் தோட்டத்தில் மண்டோர் பெருமாளின் வீடு. வெளியே வெயில் கொளுத்தியது. உள்ளே ஊதுவத்தி, வாழைக்காய் பஜ்ஜி, புதுச்சாயம் மூன்றும் கலந்து மணத்தன. எங்களுக்காகக் கதவுக்குப் பச்சைச் சாயம் அடித்திருந்தார்கள். அது இன்னும் காயவில்லை என்பதை, உள்ளே நுழையும்போதே என் வெள்ளைச் சட்டையின் தோளில் வாங்கிக்கொண்டேன்.

மண்டோர் என்றால் மேஸ்திரி; பெருமாள் அறுபது பேரை வேலை வாங்குகிறவர். நல்ல உயரம், கனத்த குரல், முறுக்கிய மீசை. அப்படிப்பட்டவர் எங்களை வரவேற்க எழுந்தபோது சுவரைப் பிடித்துக்கொண்டுதான் எழுந்தார். உட்கார்ந்த பிறகு வலது காலை நீட்டவே இல்லை. மின்விசிறி அவர் தலைக்கு நேர் மேலே சுற்றியும் நெற்றியில் வியர்வை நிற்கவில்லை. பஜ்ஜித் தட்டு அவர் பக்கம் வந்தபோதெல்லாம் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அவர் மகள் கோமதி காப்பித் தட்டோடு வந்தாள். என் முன்னால் குனிந்தாள். நான் ஒரு குவளையை எடுத்தேன். என்ன நிறப் புடவை கட்டியிருந்தாள் என்று கேட்டால் இன்றைக்கும் எனக்குத் தெரியாது. அவள் தோளுக்கு மேலாக எட்டி அவள் அப்பாவின் காலைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அம்மா நாற்காலிக்கு அடியில் என் காலை மிதித்தார்.

"பட்டாளத்து மாப்பிள்ளைக்குக் கூச்சம்போல" என்று கோமதியின் தாய்மாமா சுப்பையா சிரித்தார். லோரி ஓட்டுகிறவர். இந்தச் சம்பந்தத்தைக் கொண்டுவந்தவரும் அவர்தான்.

சுடுவாரா, தைப்பாரா?

நான் ராணுவ மருத்துவப் பிரிவில் சேர்ந்த கதையைப் போன வாரம் இந்தப் பகுதியில் படித்துவிட்டு, சுங்கை பஞ்சாங்கிலிருந்து ஓர் அன்பர் கடிதம் எழுதியிருக்கிறார். 'ராணுவ டாக்டர் கையில் துப்பாக்கி இருக்குமா, கத்தி இருக்குமா?' என்பது அவர் கேள்வி. ஐயா, இதே கேள்விதான் எண்பதுகளில் என் கல்யாணத்தைத் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தது.

அம்மா பத்தாங் காலிப் பக்கம் ரப்பர் மரம் சீவி என்னைப் படிக்க வைத்தவர். மகன் டாக்டர் என்று சொன்னால் பெண் வீட்டார் நாற்காலியை இழுத்துப் போடுவார்கள். ராணுவத்தில் டாக்டர் என்றதும் நாற்காலி பின்னால் போய்விடும். நான்கு குடும்பங்கள் அப்படிப் பின்வாங்கின. ஒரு வீட்டுப் பெரியவர் நேராகவே கேட்டார், பட்டாளத்துக்காரன் சுடுவான், டாக்டர் தைப்பார், உங்கள் பிள்ளை என்ன செய்வார் என்று.

"எம் மவனுக்குத் தோசகூடச் சுடத் தெரியாதுங்க" என்றார் அம்மா.

உண்மையும் அதுதான். வடக்கு எல்லைக் காட்டில், கூடார ஆஸ்பத்திரியில் நான் குண்டு எடுத்த நாட்கள் குறைவு. மூலத்துக்கு அறுத்த நாட்களே அதிகம். அட்டைக் கடி, பாம்புக் கடி, சேற்றுப் புண், குடல்வால். மேஜர் என்று தோளில் பட்டை ஏறியபோது என் பேரில் எழுதப்பட்டிருந்த வீரச் செயல்கள் இவைதான்.

ஆனால் பட்டாளம் எனக்கு ஒன்றைப் பழக்கியிருந்தது. நோயாளியின் வாயைக் கேட்காமல் காலைப் பார்ப்பது. ஆஸ்பத்திரிக்கு வருகிறவன் வலியைக் கூட்டிச் சொல்வான். சிப்பாய் மறைப்பான். காட்டில் ஒரு கார்ப்ரல் இரண்டு நாள் வயிற்று வலியோடு வரிசையில் விறைப்பாக நின்றான். உடம்பு சரியில்லை என்று தெரிந்தால் பெருநாள் விடுமுறை போய்விடுமே என்ற பயம். உடம்பின் பாரத்தை எல்லாம் இடது காலில் போட்டு நின்றதை வைத்துத்தான் அவனைப் பிடித்தேன். அதுவும் தாமதமாகத்தான் பிடித்தேன். நாற்பது நாள் படுக்கையில் கிடந்து பிழைத்தான். பெருநாளும் போயிற்று.

மண்டோருக்கும் அப்படி ஒரு காரணம் இருந்தது. இந்தப் பெண் பார்க்கும் நாள் முன்பே ஒருமுறை குறித்து, தடைபட்டிருந்தது. தடை நான்தான். விடுப்பில் வந்தவனைப் பாதியில் முகாமுக்குத் திருப்பி அழைத்துக்கொண்டார்கள். இரண்டாம் முறையும் தடைபட்டால் அந்தச் சம்பந்தம் விளங்காது என்பது தோட்டத்தில் எல்லாருக்கும் மனப்பாடமான சங்கதி. அதனால் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார் மனிதர்.

அம்மாவும் அவர் பங்குக்கு ஒரு சட்டம் வைத்திருந்தார். வரும் வழியில் ரவாங்கிலிருந்து கோல சிலாங்கூர் வரை அதையே சொல்லிக்கொண்டு வந்தார். பெண் பிடித்திருக்கிறது என்று வாய்விட்டுச் சொல்லும் வரை அந்த வீட்டுச் சோறு சாப்பிடக்கூடாது. காப்பியும் பலகாரமும் சரி. சோறு சாப்பிட்டால் சம்மதம் என்று அர்த்தம். சாப்பிட்டுவிட்டு வேண்டாம் என்று சொன்னால் பாவம். சாப்பாட்டு விஷயத்தில் என்னை அவர் நம்பியதே இல்லை.

திரைக்குப் பின்னால் ஒரு குரல்

"ஐயா, எப்பயிலேருந்து வயிறு வலிக்குது?" என்று கேட்டேன்.

கூடத்தில் எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள்.

"வயிறா, எனக்கா? ஒன்னும் இல்ல லா தம்பி. காப்பி ஆறுது, குடிங்க."

ஒருமுறை இருமிக் காட்டச் சொன்னேன். அவர் மறுக்கத் தெரியாமல் இருமினார். இருமும்போது அவர் வலது கை, அவரைக் கேட்காமலே, அடிவயிற்றின் வலது பக்கம் போய் அழுத்திக்கொண்டது. எனக்கு அதற்குமேல் கேட்க ஒரே ஒரு கேள்விதான் இருந்தது. நல்ல காரியம் பேச வந்த சபையில் மாப்பிள்ளை கேட்கக்கூடிய கேள்வி இல்லை. ஆனாலும் கேட்டேன்.

"விளக்கெண்ணெய் குடிச்சீங்களா?"

தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு இது புரியும். தலைவலிக்குத் தைலம், வயிற்று வலிக்கு விளக்கெண்ணெய். என் மூக்கைப் பிடித்துக்கொண்டு அம்மா ஊற்றிய ஊற்றல் இன்னும் தொண்டையில் இருக்கிறது. சும்மா மலச்சிக்கலுக்குப் பரவாயில்லை. குடல்வால் வீங்கிச் சீழ் பிடித்திருக்கும்போது பேதிக்குக் குடித்தால், உள்ளே குடல் முறுக்கிப் பிசைந்து, குடல்வால் வெடித்துவிடலாம். வெடித்தால் சீழ் வயிறெங்கும் பரவும். அப்புறம் ஆளைக் காப்பாற்றுவது பெரும்பாடு.

சமையலறைத் திரைக்குப் பின்னாலிருந்து பதில் வந்தது.

"நேத்து சாயங்காலம் ஒரு கரண்டி. இன்னிக்குக் காலையில ரெண்டு."

கோமதி என்னிடம் பேசிய முதல் வார்த்தைகள் இவை.

சொந்தக்காரர்கள் முணுமுணுக்க ஆரம்பித்தார்கள். பெண்ணைப் பிடிக்காததை நேராகச் சொல்லாமல் மாப்பிள்ளை சாக்குத் தேடுகிறார் என்று ஒரு மூலையில் பேச்சு எழுந்தது. சுப்பையாவுக்கு முகம் சிவந்துவிட்டது.

"டாக்டர் தம்பி, பொண்ணப் பார்க்க வந்தீங்களா, வயித்தப் பார்க்க வந்தீங்களா?"

உடனே கிள்ளான் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும், இன்றைக்கே அறுவை சிகிச்சை செய்ய வேண்டும் என்று சொன்னேன். மண்டோர் நாற்காலியின் கையை இறுகப் பிடித்தார்.

"போறேன் தம்பி. மொதல்ல ஒரு வார்த்த சொல்லிடுங்க. பொண்ணு புடிச்சிருக்கா? ஆமான்னு சொன்னீங்கன்னா இப்பவே எந்திரிச்சு வர்றேன்."

ஆம் என்று சொல்ல ஒரு நொடி போதும். சொன்னால் ஆள் பிழைப்பார். பார்க்காத பெண்ணைப் பிடித்திருக்கிறது என்று ஒரு பொய், அவ்வளவுதான். ராணுவத்தில் இதைவிடப் பெரிய பொய்களை நோயாளிகளிடம் சொல்லியிருக்கிறேன். வாயைத் திறந்தும்விட்டேன்.

அதற்குள் திரை விலகியது. கோமதி வெளியே வந்தாள். கையில் ஒரு பை. அதற்குள் அப்பாவின் கைலியும் துண்டும் எட்டிப் பார்த்தன. எப்போது எடுத்து வைத்தாளோ தெரியாது.

"அப்பா, இப்ப அவரு ஆமான்னு சொன்னா அது உங்க வயித்துக்காகச் சொன்னது. எனக்கு அந்த ஆமாம் வேணாம். எந்திரிங்க."

அறுபது பேரை வேலை வாங்குகிறவர் எழுந்தார்.

வலி போயிடுச்சு

என் பழைய காரை சுப்பையா ஓட்டினார். கோமதி முன்னால். பின்னிருக்கையில் மண்டோர் முழங்காலை மடக்கிப் படுத்துக்கொள்ள, நான் ஒரு மூலையில் ஒடுங்கி உட்கார்ந்து அவர் நாடியைப் பிடித்துக்கொண்டேன். கோமதியின் அம்மா ஓடி வந்து சன்னல் வழியாகச் சுடுதண்ணீர்ப் போத்தலை நீட்டினார். ஒரு சொட்டுகூட வாயில் வைக்கக்கூடாது என்றேன். கோமதி போத்தலைத் திருப்பி அம்மா கையிலேயே கொடுத்தாள். என் அம்மாவுக்குக் காரில் இடமில்லை. பச்சைக் கதவருகே தனியே நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

தோட்டத்துச் செம்மண் பாதையில் ஒவ்வொரு குழிக்கும் மண்டோர் ஒரு முனகல் முனகினார். தார்ச்சாலைக்கு வந்ததும் சற்று அடங்கினார். பாசிர் பெனம்பாங் நெருங்க, கருவாட்டு வாசம் காருக்குள் வந்தது. ஆற்றுப் பாலத்தில் ஏறியதும் முன்னால் மீன் லோரி ஒன்று நின்றுபோய், வண்டிகள் தேங்கி நின்றன.

அங்கேதான் மண்டோர் காலை நீட்டினார்.

"அட, வலி போயிடுச்சு" என்றார். முகமே மாறிவிட்டது. மீசைக்குக் கீழே ஒரு சிரிப்பு. "சுப்பையா, வண்டியத் திருப்பு. தம்பிக்கு வீண் அலைச்சல்."

சுப்பையா இருக்கையில் அடித்துச் சிரித்தார். "விளக்கெண்ணெய் வேல செஞ்சிடுச்சு லா மாமா. அக்கா கோழி வாங்கி வச்சிருக்கு, போய்ச் சாப்பிடுவோம்."

காட்டில் அந்தக் கார்ப்ரலும் இதையேதான் சொன்னான், சரியாகிவிட்டது துவான், அதாவது ஐயா, என்று. வீங்கித் தெறிக்கிற குடல்வால் வெடித்ததும் அந்த விறைப்பு விடும். வலி கொஞ்ச நேரம் குறையும். நோயாளி சிரிப்பார், சொந்தக்காரர்கள் சாமிக்கு நன்றி சொல்வார்கள். உள்ளே சீழ் பரவிக்கொண்டிருக்கும். அந்தக் கொஞ்ச நேரத்தை நம்பி வீட்டுக்குத் திரும்பியவர்கள் மறுநாள் எந்த நிலையில் வருவார்கள் என்று எனக்குத் தெரியும்.

இதை அவர் காது கேட்க எப்படிச் சொல்வது? நாடியை எண்ணினேன். முன்னைவிட வேகமாக ஓடியது. சுப்பையா ஸ்டீயரிங்கை ஒடிக்க ஆரம்பித்திருந்தார்.

கோமதி முன்னிருக்கையிலிருந்து திரும்பினாள். அப்பாவைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள்.

"மாமா, திருப்பாதீங்க. கிள்ளானுக்கு ஓட்டுங்க."

"அதான் வலி இல்லன்னு சொல்றாரே."

"அப்பா மொகத்தப் பார்க்காதீங்க மாமா. டாக்டர் மொகத்தப் பாருங்க."

சுப்பையா கண்ணாடியில் என்னைப் பார்த்தார். அவர் சிரிப்பு நின்றது. ஹாரனில் கையை வைத்தார், எடுக்கவே இல்லை. மீன் லோரிக்கும் பாலத்துக் கைப்பிடிக்கும் நடுவில் இருந்த இடைவெளியில் என் கார் நுழைந்தது. பக்கக் கண்ணாடி ஒன்று அந்தப் பக்கம் வரவில்லை. அதைப் பற்றி நான் இன்றுவரை வருத்தப்பட்டதில்லை.

ரவாங்கில் ஒரு தொழிற்சாலையில் சின்னச் சின்னப் பாகங்களைச் சோதித்து, குறையுள்ளதை ஒதுக்குவது கோமதியின் வேலை என்று சுப்பையா முன்பே சொல்லியிருந்தார். அது அப்போதுதான் எனக்கு நினைவு வந்தது. அந்தப் பிற்பகலில் நான் அவளை முதன்முதலாகப் பார்த்ததும் அங்கே, அந்தப் பாலத்தின் மேல்தான்.

கதவுக்கு வெளியே

அன்று பணியில் இருந்த அறுவை மருத்துவர் எனக்கு மூத்தவர், படிக்கும் காலத்திலேயே பழக்கம். மண்டோரின் வயிற்றில் கை வைத்ததுமே அவருக்குப் புரிந்தது. உள்ளே வந்து கூட நிற்கிறாயா என்று கேட்டார். நான் என் கைகளைப் பார்த்தேன். நடுங்கிக்கொண்டிருந்தன. கூடாரத்தில், மண்ணெண்ணெய் விளக்கு வெளிச்சத்தில்கூட நடுங்காத கைகள். இவர் எனக்கு வெறும் நோயாளி இல்லை என்பதை என் கைகள் என்னைவிட முன்னதாகத் தெரிந்துகொண்டன. வேண்டாம் சார், வெளியே இருக்கிறேன் என்றேன்.

அதுவரை நான் அந்தக் கதவின் உள்பக்கம் மட்டுமே நின்றவன். வெளியே ஒரு மரப் பலகை இருக்கும் என்பதும், அது அவ்வளவு கடினமாக இருக்கும் என்பதும் எனக்குத் தெரியாது. சுப்பையா நடந்துகொண்டே இருந்தார். கோமதி என் பக்கத்தில் உட்கார்ந்தாள். நான் எத்தனையோ பேரிடம் சொன்ன வரியை அவளிடமும் சொன்னேன், பயப்பட வேண்டாம், சின்ன ஆபரேஷன்தான் என்று.

"சின்னதுன்னா எவ்வளவு சின்னது?" என்றாள்.

அதற்குப் பிறகு பொய் சொல்ல வாய் வரவில்லை. வெடித்துவிட்டது என்றேன். வெடித்து ஒரு மணி நேரத்துக்குள் வந்துவிட்டோம், அது நல்லது. வயிற்றைத் திறந்து கழுவ வேண்டும். இரண்டு மூன்று நாள் கவனமாகப் பார்க்க வேண்டும். பிழைப்பார் என்றுதான் நினைக்கிறேன், ஆனால் சத்தியம் செய்ய முடியாது. எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அவள் தலையாட்டினாள். பிறகு என் தோளைக் காட்டி, சாயம் ஒட்டியிருக்கிறது என்றாள்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவளுக்கும் வந்தது. சிரித்துக்கொண்டே அழுதாள். இரண்டையும் நான் பார்த்தேன்.

ஏழு மணிக்கு முன்னால் கதவு திறந்தது. மூத்தவர் முகமூடியைக் கழற்றிவிட்டுக் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினார். சுப்பையா அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

ஐந்து காப்பி

சுப்பையா கோமதியை வீட்டுக்குக் கூட்டிப் போனார். நான் மண்டோர் பக்கத்திலேயே தங்கிவிட்டேன். அவசரத்தில் நாங்கள் எல்லாரும் மறந்துபோன ஒருவர் இருந்தார். என் அம்மா.

அம்மாவுக்கு அன்றிரவு மண்டோர் வீட்டில் தங்க நேர்ந்தது. அவர் போட்ட சட்டத்தில் அவரே மாட்டிக்கொண்டார். கோழிக் குழம்பு மணக்கிறது, சோறு பரிமாறக் கூப்பிடுகிறார்கள். மகனோ சம்மதம் சொல்லவில்லை. காப்பி போதும் என்றார். இரண்டாவது காப்பி, மூன்றாவது காப்பி. ஏன் சாப்பிடவில்லை என்று அவர்கள் வற்புறுத்தியதும், வாய்க்கு வந்ததைச் சொல்லிவிட்டார்.

"எனக்கு வயிறு சரியில்ல."

எந்த வீட்டில் எந்த நாளில் சொல்கிறோம் என்று யோசிக்கவில்லை பாவம். கோமதியின் அம்மா அலறிவிட்டார். சுப்பையா கார்ச் சாவியைத் தேடினார். கோமதி என் அம்மாவைப் பாயில் படுக்க வைத்து, "எங்க வலிக்குது ஆன்ட்டி, வலது பக்கமா? இருமுங்க பார்ப்போம்" என்றாளாம். இருமிக்கொண்டே அம்மா உண்மையை ஒப்புக்கொண்டார். வலி இல்லை, பசி. சட்டத்தையும் சொல்லிவிட்டார். கோமதி சோற்றை வற்புறுத்தவில்லை. நான்காவது காப்பியும் நான்கு ரொட்டிகளும் கொண்டுவந்து வைத்தாளாம்.

மறுநாள் நண்பகல் எல்லாரும் ஆஸ்பத்திரிக்கு வந்தார்கள். மண்டோர் மூக்கில் குழாயோடு கண் விழித்துப் படுத்திருந்தார். காய்ச்சல் இறங்கியிருந்தது. கோமதி கையில் நான்கு அடுக்குச் சாப்பாட்டுக் கேரியர். அம்மா கட்டிலைச் சுற்றி வந்து என் எதிரே நின்றார். காலையில் குடித்தது ஐந்தாவது காப்பி என்று பிறகு தெரிந்தது.

"டேய், நேத்து மத்தியானத்திலேருந்து நான் சோறு பார்க்கல. புடிச்சிருக்கா, இல்லையா? ஒன்னு சொல்லு."

மண்டோர் குழாயோடு தலையைத் தூக்கினார். சுப்பையா, கோமதியின் அம்மா, பக்கத்துக் கட்டில் சீனத் தாத்தா எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். எனக்குப் பிடித்திருக்கிறது என்றேன். முதல் நாள் சொல்லவிருந்த அதே வார்த்தைதான். ஆனால் இம்முறை பொய் இல்லை. அவளுக்குப் பிடித்திருக்கிறதா என்று தெரியாது, அவளைத்தான் கேட்க வேண்டும் என்றும் சொன்னேன்.

கோமதி முக்காலியை இழுத்துப் போட்டாள். கேரியரைத் திறந்தாள். மூடியில் சோற்றைப் போட்டுக் குழம்பை ஊற்றி, அம்மாவின் கையில் கொடுத்தாள்.

"சாப்பிடுங்க அத்தை."

அம்மா முக்காலியில் உட்கார்ந்து சாப்பிட்டார். இரண்டாவது முறையும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, குழம்பில் காரம் என்றார்.

கோழிக் குழம்பு வாசம் கட்டிலுக்கும் போயிருக்க வேண்டும். மண்டோர் மெல்லக் கையைத் தூக்கி, தன் வாயைச் சுட்டிக் காட்டினார். ஒரு வாய், ஒரே ஒரு வாய்.

"ஒன்னும் கெடையாது" என்றோம், கோமதியும் நானும் ஒரே குரலில்.